கோழியில் உதடு ஒட்டாது

பாபு,

பத்திரிகைக் கட்டு வந்து சேர்ந்தது. தங்க எழுத்து, வழவழப்பான அட்டை, மேலே ஒரு பட்டுக் கயிறு. பக்கத்து வீட்டு லில்லி அக்கா தடவிப் பார்த்துவிட்டு, இதைப் பிரிக்கவே மனசு வரவில்லை என்றாள். நான் பிரித்தேன். உன் பெயர் இருக்கிறது, நித்யாவின் பெயர் இருக்கிறது. உன் அப்பாவின் பெயர் ஓரமாக, எறும்பு மாதிரி, 'அமரர்' என்ற சொல்லுக்குப் பின்னால் ஒண்டிக்கொண்டு இருக்கிறது. நடுவில், எல்லார் தலைக்கும் மேலே கொட்டை எழுத்தில் உன் சினிமா இயக்குநர். கல்யாணத்தைத் தலைமை தாங்கி நடத்தி வைக்கப் போகிறவர், தாலியை எடுத்து உன் கையில் கொடுக்கப் போகிறவர். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடியும் படித்தேன். அதே பெயர்தான்.

நேரில் சொன்னால், "வுடும்மா, பழைய கதை" என்று சொல்லிவிட்டுப் போனைப் பார்க்க ஆரம்பித்துவிடுவாய். அதனால் எழுதுகிறேன். இதை நித்யாவும் படிக்கட்டும், அவள் வீட்டாரும் படிக்கட்டும், திருவொற்றியூர் முழுக்கப் படித்தாலும் சரி, ஒளித்து வைக்க என்னிடம் ஒன்றும் இல்லை. உன் கல்யாணத்தைக் கெடுக்க எழுதவில்லை. வரப்போகிறவள் தங்கமான பெண், அவள்மேல் எனக்கு ஒரு குறையும் கிடையாது. கோபம் ஆறிப்போய் எழுதுகிறேன் என்றும் நினைத்துக்கொள்ளாதே. ஆறவில்லை, ஆறவும் விடமாட்டேன். இந்தக் குடும்பத்தில் நான் கெடாமல் காப்பாற்றி வைத்திருப்பது இரண்டு, ஒன்று நீ, இன்னொன்று என் கோபம்.

உன் அப்பா போனபோது நீ என் இடுப்பில் இருந்தாய். துறைமுகத்தில் கண்டெய்னர்மேல் ஏறிக் கொக்கி மாட்டுகிற வேலை அவருக்கு. மழை விட்டு ஈரம் காயாத தகரத்தில் ஏறச் சொன்னார்கள், ஏறினார், வழுக்கி விழுந்தார். இவ்வளவுதான் நடந்தது. ஆனால் அவருக்கு வேலை கொடுத்த காண்ட்ராக்டர், "குடிச்சிட்டு ஏறினான்" என்று ஒரு வார்த்தை சொன்னார். அந்த ஒரு வார்த்தையோடு நஷ்டஈடு கேட்கப் போன எல்லாக் கதவும் சாத்திக்கொண்டது. உன் அப்பாவுக்குப் பீடி உண்டு, சினிமாப் பைத்தியம் உண்டு, நான் கோபித்துக்கொண்டால் சமாதானத்துக்கு மொச்சைக்கொட்டை வாங்கி வருகிற பழக்கம் உண்டு. குடி மட்டும் கிடையாது. கல்யாண வீட்டில் எவனாவது குடித்துவிட்டுத் தோளில் கை போட்டால்கூட நழுவி வந்துவிடுகிற மனிதர். ஆனால் கேட்டவர்கள் எல்லாரும் நம்பினார்கள். நம் பக்கத்து ஆம்பிளை செத்தான் என்றால் குடித்துத்தான் செத்திருப்பான் என்று நம்புவது ஊருக்குச் சுலபம் இல்லையா? அவரோடு வேலை செய்தவர்களும் வாயைத் திறக்கவில்லை. மறுநாள் அவர்களும் அதே காண்ட்ராக்டரிடம்தானே போய் நிற்க வேண்டும்.

தண்டையார்பேட்டையில் அந்தக் காண்ட்ராக்டரின் குடோன் வாசலுக்குப் போனேன். உச்சி வெயில், கண்டெய்னர் லாரிகள் வரிசையாக நின்றுகொண்டிருந்தன. உன்னை லில்லி அக்காவிடம் கொடுத்துவிட்டு, முடியை அவிழ்த்துவிட்டு, தெருப் புழுதியை இரண்டு கையாலும் வாரி அந்தக் கேட்டுக்கு வீசினேன். காண்ட்ராக்டர் பெயரைச் சொன்னேன், அவர் அப்பன் பெயரைச் சொன்னேன். அதோடு, வாழ்க்கையில் முதல் தடவையாக உன் அப்பாவின் பெயரையும் வாய்விட்டுச் சொன்னேன். அதுவரைக்கும் எனக்கு அவர் 'பாபு அப்பா'தான். கட்டினவர் பெயரை எழுதுவேனே தவிர, வாயால் சொல்லுகிற வழக்கம் எனக்கு இல்லை. அன்றைக்குச் சொல்லாவிட்டால் பிறகு எதற்கு அந்த வாய் என்று தோன்றியது, சொல்லிவிட்டேன்.

அந்த லாரி வரிசைக்குப் பின்னால் ஒரு கார் மாட்டிக்கொண்டு நின்றிருந்தது. அதில் உட்கார்ந்து எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருந்தவர்தான் உன் இயக்குநர். படம் பிடிக்க இடம் பார்க்க எண்ணூர்ப் பக்கம் வந்தவராம். நாலைந்து நாள் கழித்து விசாரித்துக்கொண்டு நம் வீட்டுக்கே வந்தார். செருப்பை வெளியே கழற்றி வைத்தார், நம் டம்ளரில் தண்ணீர் வாங்கிக் குடித்தார், என்னைவிட மூத்தவர் என்னை அம்மா என்று கூப்பிட்டார். அதில் விழுந்துவிட்டேன். செருப்பைக் கழற்றி வைக்கிறவன் எல்லாம் நல்லவன் என்று நம்புகிற அளவுக்குத்தான் எனக்கு அப்போது உலகம் தெரியும்.

"அன்னைக்குக் கேட்டு முன்னாடி செஞ்சீங்களே, அதை அப்படியே கேமரா முன்னாடி செய்ங்கம்மா. ஒரு வார்த்தை மாத்த மாட்டேன். தமிழ்நாடே கேக்கும்" என்றார்.

என் பேச்சேதானா என்று கேட்டேன். உங்கள் பேச்சேதான் என்றார். நான் ஒப்புக்கொண்டது அதற்காக மட்டும்தான் பாபு. நடிக்கிற ஆசையும் இல்லை, முகம் திரையில் வரவேண்டும் என்ற ஆசையும் இல்லை. குடோன் வாசலில் கேட்டது நாலு லாரி டிரைவரும் ஒரு டீக்கடைக்காரரும்தான். ஊர் ஊராகக் கேட்கும் என்றால் விடுவேனா?

லில்லி அக்காவுக்கு மட்டும் இது பிடிக்கவில்லை. ஞாயிறு தவறாமல் கோயிலுக்குப் போய்ப் பாட்டுப் பாடுகிறவள்தான், ஆனால் மண் விஷயத்தில் அவளுக்கு எந்தச் சந்தேகமும் கிடையாது. "வெளையாட்டுக்கு மண்ண வாரக்கூடாதுடி" என்றாள். "பேர் சொல்லி வுட்டா அது போற எடத்துக்குப் போவும். பேர் இல்லாத மண்ணு வயி தெரியாம நம்ம வூட்டுக்கே திரும்பி வந்துரும்." அது எனக்கும் தெரிந்ததுதான். அதனால் கேமரா முன்னால் நின்றாலும் பெயர் சொல்லித்தான் வீசுவது என்று முடிவு செய்துகொண்டேன்.

காத்திவாக்கத்தில், கழிமுகத்துப் பக்கம் படம் எடுத்தார்கள். எதிரில் யாரும் இல்லை. மணலில் ஒரு குச்சியை நட்டு, அதுதான் காண்ட்ராக்டர் என்று நினைத்துக்கொள்ளுங்கள் என்றார் இயக்குநர். நினைத்துக்கொள்ள எனக்கு எந்தச் சிரமமும் இருக்கவில்லை. குச்சியைப் பார்த்தேன், அந்த ஆள் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு நிற்பதுபோலத்தான் தெரிந்தது. மண்ணை வாரினேன். "ஏழுமல குடிக்கல. எம் புருசன் குடிக்கல. குடிச்சான்னு சொன்ன வாயில இந்த மண்ணு வுழ" என்று கத்தினேன். பிறகு காண்ட்ராக்டர் பெயர், அவர் அப்பன் பெயர். உன் அப்பாவின் பெயரை நான் வாய்விட்டுச் சொன்னது இரண்டாவது தடவை அது. ஒரே தடவையில் எடுத்து முடித்துவிட்டார்கள். விளக்குப் பிடித்துக்கொண்டிருந்தவர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். இயக்குநர் என்னைப் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டார். அந்தக் கும்பிடு இன்னும் என் கண்ணில் நிற்கிறது, அது எப்பேர்ப்பட்ட கும்பிடு என்று பிறகுதான் தெரிந்தது.

படம் வந்ததும் தெருவே திரண்டு தண்டையார்பேட்டைத் தியேட்டருக்குப் போனோம். லில்லி அக்கா தன் பட்டுப் புடவையை எனக்குக் கட்டிவிட்டாள். நீ என் மடியில் இருந்தாய். முதலில் ஒரு காமெடி நடிகர் கோழியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஓடினார். அவருக்குப் பின்னால் திரை முழுக்க என் முகம் வந்தது. நம் ஆட்கள் விசிலடித்தார்கள். என் வாய் திறந்தது, அதிலிருந்து வேறு எவளோ பேசினாள். "எங்கோயிய அமுக்கிகினு போயி கொயம்பு வச்சித் துன்னுட்டியேடா பேமானி, உன் வவுத்துல கோயி கூவ!" நம் பேச்சையே எடுத்து, தொண்டையில் நாலு சுற்றுச் சுற்றி, நம் தெருவில் எவளும் பேசாத மாதிரி இழுத்து இழுத்துப் பேசியிருந்தாள். நான் வீசிய மண் அந்தக் காமெடி நடிகர் தலையில் விழுந்தது, கோழி கத்தியது. தியேட்டரே குலுங்கிக் குலுங்கிச் சிரித்தது. எல்லாரும் கைதட்டுகிறார்களே என்று நீயும் கைதட்டினாய். உனக்கு என்ன தெரியும், குழந்தை. நான் உன் கையைப் பிடித்துக்கொண்டேன்.

அன்றைக்கு அந்தச் சிரிப்புக்கு நடுவில் ஒன்றைப் பார்த்தேன். நீ படத்துறையில் இருக்கிறவன், நீயும் பார்க்கலாம். சத்தத்தை அமுக்கிவிட்டு அந்தக் காட்சியைப் போடு. என் உதட்டை மட்டும் பார். 'கோழி' என்று சொல்லிப் பார், உதடு ஒட்டாது. 'ஏழுமல' என்று சொல்லிப் பார், ஒட்டும். அந்தப் படத்தில் என் உதடு ஒட்டுகிறது பாபு. அவள் கோழி என்று கத்துகிற இடத்திலும் ஒட்டுகிறது. புருசன் என்கிறபோது இன்னொரு தடவை ஒட்டுகிறது. குரலைப் பிடுங்கத் தெரிந்தவர்களுக்கு உதட்டைப் பிடுங்கத் தெரியவில்லை. உன் அப்பா பெயர் இன்னும் அங்கேதான், என் வாய்க்குள் இருக்கிறது. பொய் சொன்னவன் வாயில் விழட்டும் என்று மண்ணை வீசினேன், கடைசியில் என் வாயிலேயே மண்ணைப் போட்டுவிட்டார்கள்.

அதற்குப் பிறகு நான் கோழியக்கா. காசிமேட்டில் இறால் உரிக்கிற கொட்டகையில் கோழியக்கா, ரேஷன் கடையில் கோழியக்கா, கும்மிடிப்பூண்டி வண்டியில் முன்பின் தெரியாதவன்கூடக் கோழியக்கா. ஞாயிற்றுக்கிழமை டிவியில் அந்தப் படம் போட்டால் தெருவில் சிரிப்புக் கேட்கும், நான் எழுந்து போய்ப் பாத்திரம் கழுவுவேன். கோழிக்காரி வேஷம் இருக்கிறது என்று வேறு இரண்டு கம்பெனிக்காரர்கள் தேடி வந்தார்கள், விளக்குமாற்றைக் காட்டி அனுப்பினேன். என் வாய்க்கு அந்த ஒரு பொய் போதும். உனக்கு நினைவிருக்கிறதா, பள்ளிக்கூடத்தில் ஒருத்தன் உன்னைப் பார்த்துக் கொக்கரித்தான் என்று சாப்பாட்டு டப்பாவால் அவன் மண்டையைப் பிளந்துவிட்டு வந்தாய். டீச்சர் என்னைக் கூப்பிட்டு அனுப்பினார்கள். அவர்கள் முன்னால் உன்னைத் திட்டினேன், வெளியே வந்ததும் உனக்குப் பால் ஐஸ் வாங்கிக் கொடுத்தேன். "நான் இன்னும் ரெண்டு போட்டுருக்கணும்மா" என்று ஐஸை உறிஞ்சிக்கொண்டே சொன்னாய். அந்த ரத்தம் எங்கே போயிற்று என்றுதான் இப்போது கேட்கிறேன்.

காண்ட்ராக்டர் கதையையும் சொல்லிவிடுகிறேன், இதை உன்னிடம் நான் சொன்னதில்லை. நீ காலேஜில் சேர்ந்த பிறகு அவருக்குப் பக்கவாதம் வந்து வாய் ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டது. கேள்விப்பட்ட அன்றைக்கு வடை சுட்டேன், பாயசம் வைத்தேன். என்ன விசேஷம் என்று நீ கேட்டாய், ஒன்றுமில்லை, சாப்பிடு என்றேன். மறுநாள் ஒரு ஹார்லிக்ஸ் பாட்டில் வாங்கிக்கொண்டு அவர் வீட்டுக்கே போனேன். வேலை செய்தவரின் சம்சாரம் என்றதும் உள்ளே விட்டார்கள். கட்டில் பக்கத்தில் உட்கார்ந்து, யாருக்கும் கேட்காமல் அவர் காதில், "பாபு அப்பா குடிச்சிருந்தாரா?" என்று கேட்டேன். அவருக்குப் பேச்சு வரவில்லை. என்னையே பார்த்தார், பிறகு தலையை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் ஆட்டினார். வியாதியால் ஆடிய தலையாக இருக்கும் என்று லில்லி அக்கா சொன்னாள். அவள் சொல்லிவிட்டுப் போகட்டும், எனக்கு அதுதான் பதில். ஒழுகிய எச்சிலைத் துண்டால் துடைத்துவிட்டு வந்தேன். பெயர் சொல்லி வீசிய மண் எத்தனை வருஷம் ஆனாலும் போகிற இடத்துக்குப் போய்ச் சேரும் என்று அன்றைக்குத் தெரிந்துகொண்டேன். அவர்மேல் எனக்கு இப்போது ஒரு வருத்தமும் இல்லை, தீர்ந்துவிட்டது. தீராத ஆள் ஒருத்தர் இருக்கிறார், அவரைத்தான் நீ கல்யாணத்துக்குத் தலைமை தாங்கக் கூப்பிட்டிருக்கிறாய்.

நீ அவரிடம் வேலைக்குச் சேர்ந்தபோது, ஏதோ ஒரு சினிமாக் கம்பெனி என்றுதான் என்னிடம் சொன்னாய். யாருடைய கம்பெனி என்று எனக்குக் காட்டிக் கொடுத்தது நித்யாதான், பாவம், பெருமைப்பட்டுக்கொண்டு காட்டினாள். போன மாதம் வந்தவள், "அத்தே, இவரு எப்புடி சிரிக்கிறாரு பாருங்க" என்று போனை என் கையில் கொடுத்தாள். உன் இயக்குநரின் பேட்டி. பக்கத்திலேயே நீ கையைக் கட்டிக்கொண்டு நிற்கிறாய். அவர் சொல்கிறார், "அந்த அம்மாவுக்கு ஒரு வரி பேச வரல. சும்மா வாயை அசைச்சாங்க. டப்பிங்லதான் காப்பாத்துனோம்." பிறகு உன்னைக் காட்டி, "இந்தப் பய வாய்ப்புக் கேட்டு வந்து நின்னப்போ, உனக்கு என்ன தகுதின்னு கேட்டேன். சார், நான் கோழியக்கா பையன் சார்னான். அங்கேயே சேர்த்துக்கிட்டேன்" என்றார். நீ சிரித்தாய் பாபு. வாய் நிறையச் சிரித்தாய். நித்யாவும் என் பக்கத்தில் உட்கார்ந்து சிரித்தாள், அவளுக்கு ஒன்றும் தெரியாது. நான் போனை அவளிடம் கொடுத்துவிட்டு, காபி போடவா என்று கேட்டேன்.

வாய்ப்புக்காக ஆயிரம் கதவைத் தட்டியிருப்பாய், எனக்குப் புரிகிறது. எந்தக் கதவும் திறக்காதபோது கையில் கிடைத்த கல்லை எடுத்துத் தட்டினாய், அந்தக் கல் என் தலை என்று உனக்குத் தோன்றவில்லை. அதை நான் மன்னித்துவிடுவேன், பெற்றவளுக்கு வேறு வழி கிடையாது. ஆனால் ஆடு பகை, குட்டி உறவா? என்னிடமிருந்து என் குரலைப் பிடுங்கினவன், பேச வராதவள் என்று ஊருக்குச் சொல்கிறவன், என் பிள்ளைக்குத் தாலி எடுத்துக் கொடுப்பானா? போதாததற்கு மேடையில் மைக்கைப் பிடித்து அந்தக் கோழிக் கதையை மறுபடியும் எடுத்துவிடுவார், எனக்குத் தெரியாதா? அவரிடம் இருப்பது அந்த ஒரு கதைதான். பந்தியில் உட்கார்ந்திருக்கிற உன் மாமனார் வீட்டார் முதல் நாதஸ்வரக்காரர் வரைக்கும் சிரிப்பார்கள். உன் அப்பா படத்துக்கு மாலை போட்டு அங்கேயே ஒரு நாற்காலியில் வைத்திருப்போம், அவரும் கேட்பார்.

கல்யாணம் ஆகப் போகிறவனுக்கு அம்மா புத்தி சொல்ல வேண்டும் என்பார்கள், சொல்கிறேன். நித்யா கோபத்தில் என்ன பேசினாலும் பேச விடு. நீ பதிலுக்குக் கத்து, வேண்டுமானால் வாசலுக்குப் போய் நின்றுகொள். ஆனால் அவள் சொன்னதை வேறு மாதிரி மாற்றி, சிரிப்புக் கதையாக்கி உன் தோஸ்துகளிடம் சொல்லாதே. ஒரு பொம்பளையை அடிப்பதைவிடக் கெட்ட காரியம் அது. அடி வலித்து ஆறிவிடும், இது ஆறாது. எனக்கு ஆறவில்லை.

இதைவிட இன்னொன்றுதான் என்னைத் தூங்க விடாமல் செய்கிறது. நான் காத்திவாக்கத்தில் வீசிய மண்ணில் காண்ட்ராக்டர் பெயர் இருந்தது, இவர்கள் அதை அழித்துவிட்டார்கள். ஒவ்வொரு தடவை அந்தப் படம் ஓடும்போதும் அந்த மண் பெயர் இல்லாமல் பறக்கிறது. டிவியில் பறக்கிறது, இப்போது எவனெவன் போனிலோ பறக்கிறது. பேர் இல்லாத மண் நம் வீட்டுக்குத்தான் திரும்பி வரும் என்று லில்லி அக்கா சொன்னாளே, இந்த வீட்டில் இருப்பது நீயும் நானும்தான், இனி நித்யாவும். நான் கட்டையில் போகிற வயசு, எனக்கு என்ன. உங்கள் இரண்டு பேர் தலையில் அது விழ நான் விடமாட்டேன். நீ சிரிப்பாய், சிரி. அதற்கு ஒரு பெயர் வைத்துவிட்டுத்தான் நான் போவேன்.

அதனால் கேள். பத்திரிகையைக் கிழிக்க வேண்டாம், அவரை வர வேண்டாம் என்றும் சொல்ல வேண்டாம். வரட்டும். செருப்பைக் கழற்றிவிட்டு மேடை ஏறட்டும். தாலியைத் தொடுவதற்கு முன்னால் மைக்கில் அவர் வாயால் சொல்லட்டும். இந்த அம்மா அன்றைக்குப் பேசினாள், கோழியைப் பற்றி இல்லை, ஏழுமலை குடிக்கவில்லை என்று பேசினாள், நான்தான் மாற்றினேன். இவ்வளவு போதும். மன்னிப்புக் கேட்க வேண்டாம், மன்னிக்கிற உத்தேசம் எனக்கு இல்லை. இதைச் சொல்லிவிட்டால் நான் உங்களுக்கு அட்சதை போட்டுவிட்டுப் பந்தியைக் கவனிக்கப் போய்விடுவேன். இந்தக் கடிதத்தை அவருக்கே படித்துக் காட்டு. காட்ட முடியாது, வேலை போய்விடும் என்றால், அதுவும் உன் இஷ்டம்.

அவர் சொல்லாவிட்டால் நான் மேடை ஏறுவேன். பயப்படாதே, கையில் மண் இருக்காது. கல்யாண வீட்டில் மண்ணை வாருகிறவள் இல்லை உன் அம்மா. உங்கள்மேல் அட்சதையைத்தான் போடுவேன், மனசார வாழ்த்துவேன். மண்ணைத்தான் அன்றைக்கே வீசியாகிவிட்டதே, அது இன்னும் பறந்துகொண்டுதான் இருக்கிறது. பெயர் மட்டும்தான் பாக்கி. உன் அப்பா பெயரை மூன்றாவது தடவையாக வாய்விட்டுச் சொல்லுவேன். பிறகு உன் இயக்குநர் முகத்தைப் பார்த்து அவர் பெயரைச் சொல்லுவேன், அவர் அப்பன் பெயரையும் விசாரித்து வைத்திருக்கிறேன். காண்ட்ராக்டர் வாய் என்ன ஆயிற்று என்று முன்கூட்டியே அவருக்குச் சொல்லி வை. அப்படியே மைக் செட்டுக்காரரிடமும் ஒரு வார்த்தை சொல்லிவிடு. மாப்பிள்ளையின் அம்மா பேசுவாங்க, அப்போது சத்தத்தைக் குறைக்கக் கூடாது என்று.

இப்படிக்கு,
ஏழுமலை சம்சாரம்